உருளைக்கிழங்கும் ஒரு சின்னக் கேமராவும்
(குறுவளமையக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



'வகுப்பறையில் தொழில்நுட்பம்' என்று தலைப்புக் கொடுத்திருக்கிறார்கள். செயலிகளைப் பற்றி நாம் நிறையப் பயிற்சி பெற்றுவிட்டோம். அதனால் இன்று ஒரு மூதாட்டியின் கையில் இருந்த கேமராவைப் பற்றிப் பேசுகிறேன்.

ஆன்யெஸ் வார்தா பிரான்ஸ் நாட்டுத் திரைப்பட இயக்குநர். 1928இல் பிறந்து 2019இல் மறைந்தவர். திரைப்படத்தில் புதுப்புது முறைகளைச் சோதித்துக்கொண்டே இருந்தவர். எழுபது வயதை ஒட்டிய காலத்தில், கையடக்கமான டிஜிட்டல் கேமராவுடன் ஊர் ஊராகப் போனார். அதில் உருவான ஆவணப்படம் 2000இல் வெளிவந்தது. 'பொறுக்குபவர்களும் நானும்' என்று அதன் தலைப்புக்குப் பொருள் சொல்லலாம். அறுவடை முடிந்த வயலில் சிந்திய கதிர் பொறுக்கும் பெண்களை மிலே என்ற ஓவியர் 1857இல் வரைந்தார். இன்றைக்கு யார் பொறுக்குகிறார்கள் என்று வார்தா தேடிப் போகிறார்.

ஒரு வயலில் உருளைக்கிழங்கைத் தரம் பிரிக்கிறார்கள். அளவுக்கு மீறிப் பெருத்தவை, கோணலானவை, வெட்டுப்பட்டவை எல்லாம் லாரி லாரியாகக் கொட்டப்படுகின்றன. அந்தக் குவியலில் இதய வடிவக் கிழங்குகள் கிடக்கின்றன. வார்தா அவற்றை வீட்டுக்கு எடுத்துப்போய், அவை சுருங்கி முளைவிடுவதையும் படம் பிடிக்கிறார். ஒரு கையில் கேமராவைப் பிடித்துக்கொண்டு, சுருக்கம் விழுந்த தன் மறு கையையும் படம் பிடிக்கிறார். கருவி சிறியது என்பதால்தான் இது முடிந்தது.

நமக்கு முக்கியமான காட்சி வேறு. பாரிஸ் நகரச் சந்தை முடிந்ததும், மிஞ்சிக் கிடக்கும் காய்கனிகளை ஒருவர் பொறுக்கித் தின்கிறார். வார்தா பேச்சுக் கொடுக்கிறார். அவர் உயிரியல் படித்தவர். மாலையானால், தான் தங்கியிருக்கும் விடுதியில் மாலி, செனகல் நாடுகளிலிருந்து வந்த தொழிலாளர்களுக்கு எழுதப் படிக்கக் கற்றுக்கொடுக்கிறார், ஊதியம் இல்லாமல். படமே அங்கே ஒரு வகுப்பறைக்குள் போய்விடுகிறது. சந்தையில் அவரைக் கடந்து போனவர்களுக்கு, அவர் ஓர் ஆசிரியர் என்று தெரிந்திருக்காது.

நண்பர்களே, நாமும் தரம் பிரிப்பவர்கள்தாம். ஒவ்வொரு தேர்வுக்குப் பின்னும் மெல்லக் கற்போர் பட்டியல் தயாரிக்கிறோம். பட்டியல் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. உதவி தேவைப்படும் பிள்ளை யார் என்று தெரிய வேண்டுமே. ஆனால் பட்டியலில் பெயர் ஏறியதும், அந்தப் பிள்ளையைப் பார்ப்பதை நிறுத்திவிடுகிறோமா என்பதுதான் என் கேள்வி.

ஒரு சிறு செயல்பாடு சொல்கிறேன். அந்தப் பிள்ளைகளிடம் பள்ளியின் கைபேசியைக் கொடுங்கள். நாம் தினமும் பார்த்தும் கவனிக்காத ஒரு பொருளை ஒரு நிமிடம் படம் பிடித்து வரட்டும். பிறகு வகுப்பின் முன் நின்று, அதை ஏன் எடுத்தோம் என்று ஐந்து வாக்கியம் பேசட்டும். பேசியதை எழுதட்டும். மதிப்பெண் வேண்டாம். கணினி ஆய்வகமும் வேண்டாம். மொழிப்பாடத்தின் ஒரு பாடவேளை போதும்.