குறைவில் நிறைந்த கோபுரம்



வானொலிப் பெட்டியின் திருகைத் திருப்பியதும் குரல் கேட்கின்றது. அக்குரலை விண்ணில் விடுகின்ற கோபுரத்தைப் பற்றி நாம் எண்ணுவதில்லை. இன்று அத்தகைய கோபுரம் ஒன்றின் கதையையும், அது எழுந்த நாளிலே ஓவியரும் பொறியியலாளரும் ஒருங்கே நாடிய எளிமையையும் பற்றிச் சில கூற விரும்புகின்றேன்.

ஆண்டு 1919. இரஷ்ய நாட்டிலே உள்நாட்டுப் போர் மூண்டிருந்தது. உணவுக்குப் பஞ்சம், விறகுக்குப் பஞ்சம், இரும்புக்கும் பஞ்சம். அந்நிலையிலே, உலகின் பிற பகுதிகளோடு தொடர்புகொள்ள மொஸ்கோ நகரில் ஒரு வானொலி நிலையம் வேண்டுமென்று யூலை 30ஆந் திகதி லெனின் ஆணையிட்டார். கோபுரம் அமைக்கும் பொறுப்பு விளாதிமிர் சுகோவ் என்னும் பொறியியலாளரிடம் வந்தது. அவருக்கு அப்போது வயது அறுபத்தாறு.

சுகோவ் வரைந்த முதற்றிட்டப்படி கோபுரத்தின் உயரம் 350 மீற்றர். அதற்கு வேண்டிய இரும்போ ஏறத்தாழ 2,200 தொன் மாத்திரமே. பரிஸ் நகரின் ஈபெல் கோபுரம் 300 மீற்றர் உயரத்துக்கு 7,300 தொன் இரும்பைக் கொண்டது என்பதை இங்கு ஒப்பிட்டுப் பார்த்தல் வேண்டும். ஆனால் 2,200 தொன்னும் அன்று நாட்டில் இல்லை. ஆகவே 150 மீற்றரோடு நிறுத்தும்படி நேர்ந்தது. அதற்குச் செலவான இரும்பு ஏறக்குறைய 240 தொன்.

இத்துணைச் சிறிய அளவு இரும்பு அவ்வுயரத்தை எவ்வாறு தாங்கியது? வீட்டிலே நீங்களே செய்து பார்க்கலாம். இரண்டு வளையங்களை மேலும் கீழுமாகப் பிடித்து, அவற்றின் விளிம்புகளைச் சுற்றிலும் நேரான ஈர்க்குகளால் இணையுங்கள். ஓர் உருளை தோன்றும். இனி மேல்வளையத்தைச் சற்றுத் திருகுங்கள். ஈர்க்குகள் சாய்கின்றன, நடுப்பகுதி உடுக்கையின் இடைபோல ஒடுங்குகின்றது. ஆனால் ஈர்க்கு ஒன்றேனும் வளையவில்லை! நேர்கோடுகளே சேர்ந்து வளைந்த உருவைத் தந்துவிடுகின்றன. கணித நூலார் இதனை அதிபரவளைவுரு என்பர். எதிரெதிராகச் சாய்ந்த இரு வரிசைக் கம்பிகள் ஒன்றையொன்று வெட்டிச் செல்லுமிடங்களிற் பிணைக்கப்பட்டால் கோபுரம் உறுதி பெறுகின்றது. இடைவெளி மிகுதியாதலால் காற்றும் ஊடே புகுந்து போய்விடுகின்றது. 1896ஆம் ஆண்டிலேயே நிஸ்னி நொவ்கொரட் பொருட்காட்சியில் இம்முறையில் ஒரு நீர்த்தாங்கிக் கோபுரத்தைச் சுகோவ் நாட்டியிருந்தார்.

மொஸ்கோக் கோபுரம் ஒன்றன்மேல் ஒன்றாக ஆறு அடுக்குகள் கொண்டது. சாரம் கட்ட மரமில்லை, பாரந்தூக்கிகளும் இல்லை. எனவே ஒவ்வோர் அடுக்கையும் கோபுரத்தின் வயிற்றுக்குள்ளே தரையில் வைத்துப் பொருத்தி, கப்பிகளாலும் கயிறுகளாலும் உள்ளூடாக மேலே இழுத்தனர். தூரதரிசினியின் குழல்கள் ஒன்றினுள்ளிருந்து ஒன்று வெளிப்படுமாறு போலக் கோபுரம் தன்னுள்ளிருந்தே தான் வளர்ந்தது.

1921ஆம் ஆண்டு யூன் மாதம் நான்காம் அடுக்கைத் தூக்குகையில் கம்பிவடம் அறுந்தது. அடுக்குக் கீழே விழுந்து முந்திய அடுக்குகளையும் சிதைத்தது. விசாரணை நடந்தது. கணக்கிலே பிழையில்லை, உலோகமே சோர்ந்துவிட்டது என்பது தெரிந்தது. ஆயினும் சுகோவுக்கு நிபந்தனையோடு கூடிய மரணதண்டனை விதிக்கப்பட்டது. தலைமேல் அத்தண்டனை தொங்க, அம்முதியவர் வேலையைத் தொடர்ந்தார். 1922ஆம் ஆண்டு மார்ச்சு 19ஆந் திகதி கோபுரத்திலிருந்து ஒலிபரப்பு ஆரம்பமாயிற்று.

அதே 1921ஆம் ஆண்டில், அதே நகரில், அலெக்சாந்தர் ரொட்சென்கோ முதலிய கலைஞர் சிலர் கட்டமைப்புவாதிகள் என்ற பெயரோடு ஒரு குழுவாயினர். அழகுக்காக ஒட்டப்படும் அலங்காரம் கலையன்று. பொருளின் இயல்பும் அதன் பயனும் வெளிப்படையாய் நிற்பதே கலை என்பது அவர்தம் கொள்கை. ரொட்சென்கோ அவ்வாண்டில் மூன்று ஓவியங்களைக் காட்சிக்கு வைத்தார். ஒன்றில் சிவப்பு மட்டும். ஒன்றில் மஞ்சள் மட்டும். மற்றொன்றில் நீலம் மட்டும். இனி நீக்குவதற்கு ஒன்றுமில்லை என்ற எல்லைக்கு வந்தபின் அவர் தூரிகையை வைத்துவிட்டுத் தளபாடமும் சுவரொட்டியும் ஆக்கப் புகுந்தார். பின்னர் ஒளிப்படக் கருவியோடு சென்று சுகோவின் கோபுரத்தைப் படம்பிடித்தார்.

அக்கலைஞருள் முன்னோடியாகிய விளாதிமிர் தத்லினும் ஒரு கோபுரத்தைக் கனவு கண்டார். 400 மீற்றர் உயரம். உள்ளே கண்ணாடி மண்டபங்கள். ஒன்று நாளுக்கொரு முறையும், ஒன்று மாதத்துக்கொரு முறையும், ஒன்று ஆண்டுக்கொரு முறையும் சுழலவேண்டும். 1920இல் அதன் மாதிரி உருவைக் கண்டோர் வியந்தனர். ஆனால் அதைக் கட்ட இரும்பு எங்கே? அது மாதிரியாகவே நின்றுவிட்டது. எளிமையைப் போற்றிய கலைஞரின் கோபுரம் எழவில்லை. எளிமையைக் கணக்கிட்ட பொறியியலாளரின் கோபுரம் எழுந்தது!

இதனாற் கலைஞரின் கனவு வீண் என்று கொள்ளலாகாது. கம்பியும் வெளியுமாக நிற்கும் ஒரு கோபுரத்தை அழகுடையது என்று காண உலகின் கண்ணைப் பழக்கியோருள் அவர்களும் அடங்குவர். பொறியியலாளர் ஆக்கினார், கலைஞர் காணக் கற்பித்தனர். 1932ஆம் ஆண்டில் அரசு கலைக் குழுக்கள் யாவற்றையும் கலைத்தது. இயக்கம் மறைந்தது, கோபுரம் நின்றது.

காலம் அதனையும் விட்டுவைக்கவில்லை. வண்ணம் உதிர்ந்து துருப்பிடித்த கோபுரத்தைக் கழற்றிவிடலாம் என்ற யோசனை 2014ஆம் ஆண்டில் எழுந்தது. பல நாட்டுக் கட்டடக் கலைஞரும் மொஸ்கோ மக்களும் எதிர்த்தனர். கோபுரம் தப்பியது. பின்னர் உள்ளே தாங்குசட்டம் அமைத்து அதற்கு முட்டுக் கொடுத்தனர்.

நேயர்களே, எளிமை வேறு, வறுமை வேறு. வறுமை நம்மேல் வந்து விழுவது. எளிமை நாம் ஆராய்ந்து தெரிந்துகொள்வது. சுகோவுக்கு வறுமை விதிக்கப்பட்டது. அதனை அவர் எளிமையாக மாற்றினார். இருப்பது கொஞ்சமாயினும் அதில் ஒவ்வொரு கம்பியும் தன் பாரத்தைத் தாங்கவேண்டும் என்பதே அவர் கண்ட நெறி. கட்டடத்துக்கு மட்டுமன்றி, நாம் பேசும் சொல்லுக்கும் அந்நெறி பொருந்தும் அல்லவா?