வெட்டுண்ட பிள்ளைகள் எழுந்த பிறகு



இந்த அறக்கட்டளை யாருடைய நினைவைத் தாங்கி நிற்கிறதோ, அந்த அம்மாவை நான் முதன்முதலில் பார்த்தது ஒரு கிளை நூலகத்தில். எனக்கு அப்போது எட்டு வயது. சனிக்கிழமை மாலையானால் பெஞ்சுகளைச் சுவரோரம் தள்ளிவிட்டுக் கோரைப்பாய் விரிப்பார்கள். நாங்கள் இருபது பேர் இருப்போம். அந்த அம்மா வாசிக்கும் கதையில் ராட்சசி வந்து கதவைத் தட்டும் இடம் வந்ததும் பக்கத்தில் ஆள்காட்டி விரலை வைத்துப் புத்தகத்தை மூடிவிடுவார்கள். மூக்குக்கண்ணாடிக்கு மேலாக எங்கள் முகங்களை ஒரு சுற்றுப் பார்ப்பார்கள். "என்னடா, பயமா இருக்கா? இதோட நிறுத்திக்கலாமா?" என்று கேட்பார்கள். "வேணாம், சொல்லுங்க மேடம்" என்று கத்துவோம். "அப்ப எல்லாரும் ஒழுங்கா 'ம்' கொட்டுங்க" என்றபடி விரலை எடுப்பார்கள். கதவு திறக்கும்.

அந்த விரலைப் பற்றித்தான் இன்று பேசப்போகிறேன். எடுத்துக்கொண்டிருக்கும் நூல் அமெரிக்க எழுத்தாளர் ஆடம் கிட்விட்ஸ் 2010இல் வெளியிட்ட 'எ டேல் டார்க் அண்ட் கிரிம்' என்ற சிறுவர் நாவல். கிரிம் சகோதரர்களின் கதைகளில் சிலவற்றை எடுத்து, ஹான்சல், கிரெட்டல் என்ற அண்ணன் தங்கையை எல்லாவற்றின் ஊடேயும் நடக்கவிட்டு, ஒரே நீண்ட பயணமாகக் கோத்த நூல் அது. குழந்தைகள் விழுந்து விழுந்து சிரிக்கும் நூல். ரத்தமும் நிறையவே உண்டு. இவை இரண்டும் எப்படி ஒரே பாயில் உட்கார்ந்திருக்கின்றன என்ற கேள்விதான் என்னை இந்த நூலிடம் திரும்பத் திரும்ப இழுத்துப் போனது.

நூல் பிறந்த விதத்தைக் கிட்விட்ஸே சொல்லியிருக்கிறார். அவர் நியூயார்க்கின் புரூக்ளினில் பள்ளி ஆசிரியராக இருந்தார். ஒருநாள் நூலகருக்குப் பதிலாக இரண்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்குக் கதை வாசிக்க வேண்டியதாயிற்று. கையில் எடுத்துப் போனது கிரிம் தொகுப்பு. அதில் 'விசுவாசமுள்ள யோஹானஸ்' என்ற கதையை வாசித்தார். அது ஏழு வயதுப் பிள்ளைகளுக்கு யாரும் துணிந்து வாசிக்கும் கதையல்ல. அதனால் இடையிடையே நிறுத்தினார், பிள்ளைகளோடு பேசினார், அவர்களின் பயத்தைக் கேலி செய்யாமல் சிரிக்க வைத்தார், பிறகு தொடர்ந்தார். பிள்ளைகள் சொக்கிப் போனார்கள். அந்த நிறுத்தல்களோடு சேர்த்தே அவர் பின்னால் அதை எழுதினார். நாவலில் கதைசொல்லி நினைத்த இடத்தில் கதையை வெட்டிக்கொண்டு உள்ளே நுழைகிறார். சின்னக் குழந்தைகள் யாராவது அறையில் இருந்தால் வெளியே அனுப்பிவிடுங்கள் என்கிறார். கதை முடிந்துவிட்டது, எல்லோரும் சுகம் என்கிறார். அடுத்த வரியிலேயே, இல்லை, முடியவில்லை, இனிமேல்தான் மோசமே என்கிறார்.

யோஹானஸ் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் மற்றதெல்லாம் அதன்மேல்தான் நிற்கிறது. இறந்துபோன அரசரின் நம்பிக்கைக்குரிய பணியாளர் யோஹானஸ். இளைய அரசன் தங்கமயமான ஓர் இளவரசியைக் கப்பலில் கவர்ந்துவருகிறான். திரும்பி வரும் வழியில் மூன்று காகங்கள் தங்களுக்குள் பேசிக்கொள்வது யோஹானஸின் காதில் விழுகிறது. அரசனுக்கு அடுத்தடுத்து மூன்று ஆபத்துகள் வரப்போகின்றன. அவற்றைத் தடுக்கலாம், ஆனால் ஏன் தடுத்தேன் என்று வாய் திறந்து சொன்னால் சொன்னவன் கல்லாகிவிடுவான். யோஹானஸ் மூன்றையும் தடுக்கிறார். மூன்றாவது முறை அரசன் தவறாகப் புரிந்துகொண்டு தூக்குத் தண்டனை விதிக்கிறான். உண்மையைச் சொல்லிவிட்டு யோஹானஸ் கல்லாகிறார். சில ஆண்டுகள் கழித்து அந்தக் கல் பேசுகிறது: உன் இரட்டைப் பிள்ளைகளின் தலையை நீயே வெட்டி அந்த ரத்தத்தை என்மேல் பூசினால் நான் உயிர்பெறுவேன். அரசன் அப்படியே செய்கிறான். யோஹானஸ் எழுகிறார். அவர் பிள்ளைகளின் தலைகளை எடுத்து உடலோடு பொருத்துகிறார். பிள்ளைகள் ஒன்றுமே நடக்காததுபோல எழுந்து விளையாடப் போகிறார்கள்.

தலைப்பிள்ளையைப் பலி கொடுத்து, கல்லான நண்பனை மீட்கும் கதை நமக்கும் அந்நியமில்லை. லால் பிஹாரி டே 1883இல் தொகுத்த வங்க நாட்டுப்புறக் கதைகளில் 'பகீர் சந்த்' என்ற கதை அச்சாக இதே எலும்புக்கூட்டில் நிற்கிறது: பேசும் பறவைகள், காப்பாற்றும் மந்திரி மகன், பளிங்காய் உறையும் உடல், பிறந்த குழந்தையின் ரத்தம். வேதாளம் விக்கிரமாதித்தனுக்குச் சொன்ன கதைகளில் வீரவரன் தன் மகனைப் பலியிட்டதையும், மாண்டவர்கள் எல்லோரும் மீண்டதையும் அறிவோம். அங்கே வேதாளம் கேட்கும் கேள்வி, இவர்களில் யாருடைய தியாகம் பெரிது என்பது. கிரிம் கதையிலும் அரசனின் தியாகம்தான் பேசப்படுகிறது. மீண்டு வந்த பிள்ளைக்கு எப்படி இருந்தது என்று இந்தக் கதைகளில் எதிலும் யாரும் கேட்பதில்லை.

கிட்விட்ஸ் கேட்டார். அந்த நாவலின் உயிர் அவ்வளவுதான். பெயரில்லாத அந்த இரண்டு பிள்ளைகளுக்கு ஹான்சல், கிரெட்டல் என்று பெயர் வைத்தார். ஒன்றும் நடக்காததுபோல விளையாடப் போனவர்களைச் சற்று நில்லுங்கள் என்று நிறுத்தி, உங்கள் அப்பா உங்கள் தலையை வெட்டியது உங்களுக்குத் தெரியுமா என்றார். தெரிந்ததும் பிள்ளைகள் அரண்மனையை விட்டுக் கிளம்பிவிடுகிறார்கள், இதைவிட நல்ல அப்பா அம்மாவைத் தேடி. காட்டுக்குள் அவர்களைக் கொண்டுபோய் விட்டது யாருமில்லை, அவர்களாகவே போனார்கள். தின்னக்கூடிய வீட்டை அவர்கள் அடைவது இப்படித்தான். இரண்டு வேறுவேறு கதைகள் இந்த இடத்தில் ஒட்டிக்கொள்ளும்போது தையல் தெரியவே இல்லை. பல ஆண்டுகளாகச் சிறுவர் இலக்கியம் படித்துவரும் எனக்கு இதைவிடத் துல்லியமான ஒட்டு கண்ணில் பட்டதில்லை.

இதன் கனத்தை உணரக் கிரிம் சகோதரர்களிடம் கொஞ்சம் பின்னால் போக வேண்டும். யாக்கோபும் வில்ஹெல்மும் தொகுப்பின் முதல் பகுதியை 1812இல் வெளியிட்டார்கள். 86 கதைகள், படங்கள் இல்லை, ஆய்வுக் குறிப்புகள் உண்டு. இது குழந்தைகளுக்கு ஏற்றதல்ல என்று குறை எழுந்தது. 1857இல் வந்த ஏழாம் பதிப்பு வரை, வில்ஹெல்ம் பெரும்பாலும் தனியாகவே, கதைகளைத் திருத்திக்கொண்டே இருந்தார். அந்தத் திருத்தங்களில் ஒன்றை நாம் உற்றுப் பார்க்க வேண்டும். 1812இல் ஹான்சலையும் கிரெட்டலையும் காட்டில் விடச் சொன்னது பெற்ற தாய். 1840ஆம் ஆண்டுப் பதிப்பில் அவள் மாற்றாந்தாய். ஸ்னோ ஒயிட்டைக் கொல்லச் சொன்னதும் 1812இல் பெற்ற தாய்தான். 1819இல் அவளும் மாற்றாந்தாய் ஆகிவிட்டாள். தாய்மையின் புனிதம் காப்பாற்றப்பட்டது. ஆனால், பெற்றவர்களிடமே அடிபட்ட ஒரு குழந்தைக்கு, உன்னைப்போல் இன்னொரு குழந்தையும் உண்டு என்று சொல்ல அந்தக் கதையில் இருந்த ஒரு வாய் அடைபட்டது. உலகில் எத்தனையோ நல்ல சிற்றன்னையர் தலையில் அந்தப் பழி விழுந்ததையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

கிட்விட்ஸ் மாற்றாந்தாயை வெளியே அனுப்பிவிட்டுப் பெற்றவர்களையே முன்னால் கொண்டுவந்து நிறுத்துகிறார். அதோடு விடவில்லை. பிள்ளைகள் தேடிப் போகும் இடத்திலெல்லாம் பெரியவர்கள் தோற்கிறார்கள். ஒருத்தி தின்னப் பார்க்கிறாள். இன்னொரு வீட்டில் தகப்பனின் வாய்ச்சொல்லால் ஏழு மகன்கள் பறவைகளாகிப் பறந்துவிடுகிறார்கள். அவர்களை மீட்கப் போகும் கிரெட்டல் தன் விரலை வெட்டித்தான் அந்தக் கதவைத் திறக்க முடிகிறது. பெரியவர்களே வேண்டாம் என்று காட்டில் வாழப் பார்த்தால் ஹான்சல் மிருகமாக மாறுகிறான். இன்னொரு அத்தியாயத்தில் அவன் நரகத்துக்கே போய், சைத்தானின் பாட்டி வேடமிட்டு, அந்தச் சைத்தானின் தலையிலிருந்து மூன்று தங்க முடிகளைப் பிடுங்குகிறான். நூலிலேயே வாய்விட்டுச் சிரிக்க வைக்கும் பகுதி அது.

இப்போது என் கேள்விக்கு வருகிறேன். இவ்வளவு கொடுமையை வைத்துக்கொண்டு சிரிப்பு எதற்கு?

கசப்பு மருந்துக்குத் தேன் என்று பலர் சொல்வார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. தேன் தடவினால் கசப்பு மறைய வேண்டும்; இங்கே கசப்பு துளியும் மறையவில்லை. வெட்டு வெட்டாகவே இருக்கிறது. கதைசொல்லியின் வேடிக்கைப் பேச்சு வேறொரு வேலையைச் செய்கிறது. நான் இங்கேதான் இருக்கிறேன், உன் முகத்தைப் பார்த்துக்கொண்டுதான் சொல்கிறேன், வேண்டுமானால் நிறுத்தலாம் என்று குழந்தைக்குத் தெரிவிக்கிறது. நூலக அம்மாவின் ஆள்காட்டி விரல் செய்த வேலை அது.

அச்சு வந்தபோது நாம் இழந்ததும் இதுவே. யோஹானஸ் கதையைக் கிரிம் சகோதரர்களுக்குச் சொன்னவர் டோரோத்தேயா ஃபீமான். காஸல் நகரத்துக்கு அருகே நீடர்ஸ்வேரன் என்ற ஊரில் வாழ்ந்த தையற்காரரின் மனைவி. நகரத்துக்கு வந்து காய்கறி விற்றவர். அவர் ஒரு கதையை முதலில் தன்போக்கில் சொல்வார், கேட்டுக்கொண்டால் எழுதுபவரின் வேகத்துக்கு ஏற்றபடி நிதானமாக இன்னொரு முறை சொல்வார் என்று 1815இல் வந்த இரண்டாம் பகுதியின் முன்னுரை பாராட்டுகிறது. அந்த ஆண்டிலேயே அவர் காலமானார். அவர் சொன்ன சொற்கள் தாளில் ஏறின. எந்த இடத்தில் நிறுத்தினார், எந்தக் குழந்தையைப் பார்த்துச் சிரித்தார் என்பது ஏறவில்லை. முகமில்லாத கதை வீட்டுக்கு வீடு போனது. தனியறையில் ஒரு குழந்தை அதை வாசித்துப் பயந்தபோது பக்கத்தில் யாரும் இல்லை. உடனே நாம் கதையின் மேல் குற்றம் சொல்லி, கொடுமைகளை வெட்டத் தொடங்கினோம். வெளியே போனது சொல்பவர். அவரைத் திரும்ப அழைத்து வந்திருந்தால் போதுமாயிருந்தது.

தேவதைக் கதையைக் கேலியாக்கும் நூல்களுக்கு ஆங்கிலத்தில் நெடிய மரபு உண்டு. கல்கத்தாவில் பிறந்த தாக்கரே 1854ஆம் ஆண்டுக் கிறிஸ்துமஸுக்கு எழுதிய 'தி ரோஸ் அண்ட் தி ரிங்', ரோல்ட் டால் 1982இல் வெளியிட்ட 'ரிவோல்டிங் ரைம்ஸ்', கெயில் கார்சன் லெவின் 1997இல் சிண்ட்ரெல்லாவை எடுத்து எழுதிய 'எல்லா என்சான்டெட்' எல்லாம் நல்ல நூல்கள். இவை பெரும்பாலும் பழைய கதையைத் தலைகீழாகக் கவிழ்த்துச் சிரிப்பூட்டுகின்றன. லெவினின் நூலை நம் பெண்பிள்ளைகள் கட்டாயம் படிக்க வேண்டும். கிட்விட்ஸ் கதையைக் கவிழ்க்கவில்லை. அதன் அடியில் கிடந்ததைத் தோண்டி எடுத்தார். அவருடைய நாவலில் எனக்குக் குறைகளும் தெரிகின்றன. பிற்பகுதியில் கதைசொல்லி தேவைக்கு மேல் குறுக்கிடுகிறார். டிராகன் வரும் அத்தியாயங்களில் பழைய கதைகளின் இறுக்கம் தளர்கிறது. அடுத்து வந்த இரண்டு தொடர்நூல்களிலும் அதே உத்தி கொஞ்சம் பழகிப்போன பாதையாகிவிடுகிறது. ஆனால் முதல் நூலின் முதல் நாற்பது ஐம்பது பக்கங்களை எத்தனை முறை வேண்டுமானாலும் வாசிப்பேன்.

சிறுவர் நூல் எழுதும் இளைஞர்கள் இந்த அவையில் பலர் இருக்கிறீர்கள். உங்களிடம் ஒரு வேண்டுகோள். பெற்றோர் எப்போதும் சரி, பெரியவர் சொல் வேதம் என்று எழுதித் தரும்படி பதிப்பகங்கள் கேட்கக்கூடும். எழுதாதீர்கள். பிள்ளைகளுக்குத் தெரியும்.

சென்ற கோடை விடுமுறையில் என் தங்கை மகள் எங்கள் வீட்டுக்கு வந்திருந்தாள். ஒன்பது வயது. ஒருநாள் ராத்திரி மின்சாரம் போய்விட்டது. மொட்டை மாடியில் பாய் போட்டுப் படுத்துக்கொண்டு யோஹானஸ் கதையைச் சொன்னேன். கத்தி வரும் இடத்தில் நிறுத்தி, "நிறுத்தட்டுமா கண்ணு?" என்று கேட்டேன். "ம்ஹூம், சொல்லுங்க மாமா" என்றாள். பிள்ளைகளின் தலை திரும்ப ஒட்டி, அவர்கள் விளையாட ஓடும் இடம் வரை சொல்லி முடித்தேன். 'ம்' வரவில்லை. தூங்கிவிட்டாள் என்று நினைத்தேன்.

கொஞ்ச நேரம் கழித்து இருட்டிலிருந்து குரல் வந்தது. "மாமா, அவங்க கழுத்துல தழும்பு இருக்குமா?"

"இருக்கும்மா."

"அவங்க அப்பா தெனமும் அதப் பாப்பாரா?"

"பாப்பாரு."

கையை நீட்டி என் சட்டை முனையைப் பிடித்துக்கொண்டாள். "ம். அப்புறம்?" என்றாள்.