கோலாரின் மற்றொரு செல்வம்

(நம் சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்தப்பெற்ற சொற்பொழிவு)

 

ஆண்டு விழா மேடையில் வள்ளுவரைப் பற்றியோ கம்பரைப் பற்றியோ பேசுவது மரபு. வௌவாலைப் பற்றிப் பேச விரும்புகிறோம் என்று சொன்னபோது செயலாளர் அவர்கள் முதலில் திகைத்தார், பிறகு சிரித்தார். ஆயினும் காரணம் இல்லாமல் இப்பொருளை எடுத்துக்கொள்ளவில்லை. நம் குடியிருப்பின் பின்புறத்து ஆலமரத்தை வெட்டிவிட வேண்டும் என்று ஒரு மனு வீடு வீடாகச் சுற்றி வந்ததை நீங்கள் அறிவீர்கள். அம்மரத்தில் தொங்கும் வௌவால்களால் நோய் பரவும் என்பதே அதன் சாரம். எங்கள் இல்லத்திலும் கையொப்பம் இட்டோம். ஆராயாமல் இட்ட கையொப்பம் அது. பின்னர் அதனைத் திரும்பப் பெற்றுக்கொண்டோம். ஏன் என்பதைச் சொல்லவே இங்கு நிற்கின்றோம்.

கோலார் என்றவுடன் இந்த அவையில் பலருக்கும் தங்கவயல் நினைவுக்கு வரும். நம்மில் சிலருடைய பாட்டனார்கள் வட ஆர்க்காட்டிலிருந்து அங்கே வந்து, 3 கிலோமீட்டருக்கும் மிகுந்த ஆழத்தில் பாறையைக் குடைந்தவர்கள். அச்சுரங்கங்கள் 2001 ஆம் ஆண்டில் மூடப்பட்டன. ஆனால் அதே கோலார் மாவட்டத்தில், உலகில் வேறெங்கும் கிடையாத செல்வம் ஒன்று ஒரு பாறைக் குகையில் தலைகீழாகத் தொங்கிக்கொண்டிருக்கிறது. அதன் பெயர் கோலார் இலைமூக்கு வௌவால்.

உள்ளங்கையில் அடங்கும் சிற்றுயிர் அது. மூக்கின்மேல் இலைபோல் மடிந்த தோல் இருப்பதால் அப்பெயர். நம் செவிக்கு எட்டாத ஒலியை மூக்கின் வழியே செலுத்தி, திரும்பி வரும் எதிரொலியைக் கொண்டு இருளில் பூச்சியைப் பிடிக்கும். காக், பட் என்னும் ஆய்வாளர்கள் 1994 இல் இதனைத் தனி இனமென்று அறிவித்தார்கள். முன்னர் தேரஹள்ளியிலும் ஒரு குகையில் இருந்தது. இப்பொழுது அங்கே காணக் கிடைப்பதில்லை. எஞ்சியிருப்பது ஹனுமனஹள்ளி என்னும் ஊரின் குன்றில் மட்டுமே. மொத்தத் தொகை இருநூற்றுக்கும் குறைவு என்கிறார்கள். இன்று இப்பந்தலில் கூடியிருக்கும் நம் தொகையைவிடக் குறைவு!

இந்நிலைக்குக் காரணம் வேட்டையன்று, கல். கருங்கல்லுக்காகக் குன்றுகளை உடைத்ததனால் குகைகள் அழிவின் விளிம்புக்கு வந்தன. பெங்களூரைச் சேர்ந்த பேட் கன்சர்வேஷன் இந்தியா டிரஸ்ட் என்னும் அறக்கட்டளையினரும் கர்நாடக வனத்துறையினரும் முயன்றதன் பயனாக, குகையைச் சுற்றிலும் சுமார் 30 ஏக்கர் நிலம் காப்பு நிலமாக அறிவிக்கப்பட்டதென 2019 இல் நாளிதழ்களில் படித்தோம். நல்ல செய்திதான். ஆனால் நம் வீடுகளைச் சற்று எண்ணிப் பாருங்கள். சமையல் மேடையும் வாசற்படியும் பளபளக்கும் கருங்கல். அது எந்தக் குன்றின் கல் என்று நம்மில் எவரேனும் கேட்டதுண்டா? எங்கள் இல்லத்திலும் கேட்டதில்லை.

வௌவால் பறவையன்று, பாலூட்டி. பாலூட்டிகளில் சிறகடித்துப் பறக்க வல்லது அதுவொன்றே. உலகில் 1,400 இனங்களுக்கு மேல் உண்டு. பெரும்பாலானவை ஆண்டுக்கு ஒரு குட்டிதான் ஈனும். எலியைப்போல் விரைந்து பெருகுவதில்லை. ஆகவே ஒரு கூட்டம் ஒருமுறை குலைந்தால் மீண்டு தழைக்கப் பல்லாண்டுகள் ஆகும். பூச்சி தின்னும் வௌவால் இரவெல்லாம் வயலைக் காவல் காக்கிறது. பழம் தின்னும் வௌவால் ஆல், அத்தி, நாவல் ஆகியவற்றின் விதைகளைத் தொலைவில் கொண்டு சேர்க்கிறது; இலவ மலர்களில் மகரந்தத்தைப் பரப்புகிறது. நாம் உறங்கும் நேரத்தில் கூலி கேளாமல் நடக்கும் தோட்ட வேலை இது.

நம் முன்னோர் இதனை வாவல் என்று அழைத்தனர். நற்றிணையின் 87 ஆம் பாடலில் நக்கண்ணையார், ஊர் மாமரத்தில் தொங்கி உறங்கும் வாவல், அழிசியின் காட்டு நெல்லிக்கனியின் புளிப்பைக் கனவு காண்பதாகப் பாடியுள்ளார். வாவலுக்கும் ஒரு கனவு உண்டு என்று எண்ணிய நெஞ்சம் எத்துணைப் பெரிது!

அண்மைக் காலத்திலும் ஓர் அறிஞர் வாவலின் உறக்கத்தை ஆராய்ந்தார். மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் பணிபுரிந்த டாக்டர் எம். கே. சந்திரசேகரன் அவர்களும் மாணவர்களும் மதுரைக்கருகே ஒரு குகையின் இருளில் ஒரு வௌவாலைக் கூண்டில் வைத்தார்கள். அதற்குக் கதிரவன் எழுவதும் தெரியாது, சாய்வதும் தெரியாது. ஆயினும் சுற்றியிருந்த கூட்டத்தார் மாலையில் புறப்படும் வேளையில் அதுவும் எழுந்து சிறகடித்தது. துணையற்ற குகையில் தனியே வைத்தபோதோ, நாளுக்கு நாள் அதன் பொழுது பிசகியது. 1981 இல் வெளியிடப்பட்ட முடிவு இது. சுற்றத்தாரின் ஆரவாரமே அதற்குக் கடிகாரம்! பிறந்த ஊரைவிட்டு வந்து, ஆண்டுக்கொருமுறை இவ்வாறு கூடிப் பொழுதைச் சரிபார்த்துக்கொள்ளும் நமக்கு இது விளங்காமற் போகாது. அவ்வறிஞரும் பின்னாளில் நம்மைப்போல் பெங்களூருக்கே வந்து, ஜவாஹர்லால் நேரு உயர் ஆய்வு மையத்தில் பணியாற்றினார். 2009 இல் மறைந்தார்.

“இவையெல்லாம் சரி; நோய் வந்தால் என் செய்வது?” என்று தாய்மார்கள் கேட்பது நியாயமே. 2018 இல் கோழிக்கோட்டுப் பகுதியில் நிப்பா நோய் பல உயிர்களைக் கொண்டுபோயிற்று. பழந்தின்னி வௌவால்கள் அக்கிருமியைச் சுமக்கக்கூடும் என்பது உண்மை. ஆனால் மரத்தை வெட்டினால் அவை ஒழிவதில்லை. சிதறி வேறு தெருக்களின் மரங்களை நாடும். அச்சத்திற்கு மருந்து எச்சரிக்கையே. கடிபட்ட பழத்தை உண்ணலாகாது. பழங்களைக் கழுவியே உண்ண வேண்டும். திறந்த கலயத்துப் பதநீரையும் கள்ளையும் தவிர்க்க வேண்டும். கீழே விழுந்த வௌவாலைக் குழந்தைகள் வெறுங்கையால் தொடலாகாது. கீறலோ கடியோ பட்டால் சோப்பிட்டு நன்கு கழுவி, உடனே மருத்துவரிடம் செல்ல வேண்டும். இவ்வளவே.

கொன்று தீர்த்தால் பயன் உண்டோ? தமிழர் பலர் வாழும் மொரீஷியசில் 2015 இல் மாம்பழத்தையும் லிச்சிப் பழத்தையும் காப்பதற்கென்று முப்பதாயிரத்திற்கு மேற்பட்ட வௌவால்களைச் சுட்டார்கள். எதிர்பார்த்தபடி விளைச்சல் பெருகவில்லை, அவ்வினமே அருகிவிட்டது. நம் நாட்டிலும் 1972 ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் பழந்தின்னி வௌவால்களைக் காகம், எலிகளோடு தீங்குயிர் அட்டவணையில் வைத்திருந்தது. 2022 ஆம் ஆண்டுத் திருத்தத்தால் அந்த அட்டவணையே நீக்கப்பட்டது. சட்டம் தன் எண்ணத்தை மாற்றிக்கொள்ள ஐம்பது ஆண்டுகள் ஆயின. நாம் மாற்றிக்கொள்ள ஒரு மாலைப்பொழுது போதாதா?

தமிழ்நாட்டில் மயிலாடுதுறைப் பக்கத்துப் பெரம்பூரிலும், திருச்சிப் பக்கத்துத் தோப்புப்பட்டியிலும் ஆலமரத்து வௌவால்கள் அஞ்சி ஓடாதிருக்க வேண்டி, மக்கள் தீபாவளியன்று வெடி வெடிப்பதில்லை. சட்டம் வருமுன்னரே வந்த கருணை அது. அவ்வூர்க் குழந்தைகளுக்கும் மத்தாப்பில் ஆசை இருக்கத்தான் செய்யும். இருந்தும் அடக்கிக்கொள்கிறார்கள்.

அன்பர்களே, மனுவைப் பற்றி முடிவு செய்யும் கூட்டம் அடுத்த மாதம் கூடுகிறது. கர்நாடகத்தின் 1976 ஆம் ஆண்டு மரப் பாதுகாப்புச் சட்டப்படி அனுமதியின்றி அம்மரத்தை வெட்ட இயலாது. அனுமதியே கிடைப்பதானாலும் வேண்டாம் என்று நாமே சொல்வதுதான் அழகு. மரத்தடியில் வண்டிகளை நிறுத்தாமல் ஒதுக்குவோம். குழந்தைகள் விளையாடும் இடத்தைச் சற்றுத் தள்ளி அமைப்போம். தீபாவளி வெடியை மரத்திற்கு எட்டாத மைதானத்தில் வைத்துக்கொள்வோம். கோலார்க் குகையைக் காக்க நம்மால் இயலுவது சிறிதே. இந்த ஆலமரமோ நம் கையில் இருக்கிறது.

வௌவால் வீட்டுக்கு விருந்து போனால், நீயும் தொங்கு நானும் தொங்கு என்பது நம் பழமொழி. அதனிடம் விருந்தினர்க்குக் கொடுக்க இருப்பது ஒரு கிளையில் கொஞ்சம் இடம், அதைக் கொடுத்துவிடுகிறது. வேற்றூரிலிருந்து வந்த நமக்கும் இக்கன்னட நாடு தங்க இடம் கொடுத்தது. நாமும் ஒரு மரத்தளவு இடத்தை விட்டுக்கொடுப்போம்.