சுருங்கினால்தான் சுத்தி



சினிமாவில் வில்லன் ரிவால்வரின் பின்பக்கம் இருக்கிற ஒரு கொக்கியைக் கட்டைவிரலால் இழுப்பாரே, ‘கிளிக்’ என்று ஒரு சத்தம் வருமே, அந்த உறுப்புக்குச் சுத்தி என்று பெயர். சுத்தி, விசை, பாதுகாப்புத் தாழ் போன்ற சில்லறை உறுப்புகளை ஒரு காலத்தில் எஃகுத் துண்டிலிருந்து குடைந்து, அராவி எடுத்தார்கள். இன்று பல துப்பாக்கிகளில் அவை அச்சில் பிழிந்த எஃகு. ஆமாம், முறுக்கு மாதிரி பிழிந்ததுதான். தொழிலில் இதற்கு ‘மிம்’ என்று சுருக்கப் பெயர். 1970-களில் கலிபோர்னியாவில் ரேமண்ட் வீச் என்பவர் இதைத் தொழிலாக்கினார்.

இந்தத் தொழிலில் நான் உலைப் பக்கத்து ஆள். அதனால் அச்சைப் பற்றி ரெண்டே வரி; அச்சுப் பிரிவு நண்பர்கள் கோபித்துக்கொள்ளக் கூடாது. எஃகுத் தூள், பெரும்பாலும் 20 மைக்ரானுக்கும் கீழே, தலைமுடித் தடிமனில் மூன்றில் ஒரு பங்குகூட இருக்காது. அதை மெழுகோடும் பிளாஸ்டிக்கோடும் சூடாகப் பிசைந்து, வாளி, குடம் செய்கிற மாதிரியான இயந்திரத்தில் கொடுத்தால் சுத்தி வந்துவிடும். கையில் எடுத்தால் பிஸ்கட். கீழே விழுந்தால் போச்சு.

இனிமேல்தான் என் கதை. அந்தப் பிஸ்கட்டின் கனஅளவில் ஏறக்குறைய 40 சதவீதம் மெழுகும் பிளாஸ்டிக்கும். அது வெளியே போக வேண்டும். சிலை வார்க்கும் சுவாமிமலை ஸ்தபதி மெழுகு உருகி ஓடுவதற்கு ஒரு துளை வைப்பார். எங்களுக்குத் துளை கிடையாது. துகள்களின் இடுக்கு வழியாக அது கசிந்து வர வேண்டும். முதலில் கரைப்பானில் ஊறவைத்து மெழுகை எடுப்போம். மிச்சத்தை உலைச் சூடு மெதுவாக எடுக்கும்.

வேலைக்குச் சேர்ந்த புதிது. ஏற்றுமதிச் சரக்கு, அவசரம். ஊறலிலிருந்து எடுத்த ஒரு சுத்தியை மேஸ்திரி தராசில் வைத்துப் பார்த்தார். “இன்னும் கனமா இருக்கே தம்பி, மெழுகு முழுசா வரலை. இன்னும் ரெண்டு மணி நேரம் கிடக்கட்டும்” என்றார். “லாரி வந்து நிக்குதுண்ணே” என்று சொல்லி உலையில் ஏற்றினேன். மறுநாள் கதவைத் திறந்தால் ஒவ்வொரு சுத்தியும் பொரித்த அப்பளம் மாதிரி கொப்புளித்துக் கிடந்தது. உள்ளே மாட்டிக்கொண்ட மெழுகு ஆவியாகி முட்டியிருக்கிறது. மேஸ்திரி ஒரு வார்த்தை பேசவில்லை. அதுதான் ரொம்ப வலித்தது.

மெழுகு ஒழுங்காகப் போனபின் சூட்டை 1,300 டிகிரிக்கு மேல் ஏற்றுவோம். எஃகு உருகாது. துகளும் துகளும் தொட்ட இடத்தில் ஒட்டி, இடைவெளியை மூடும். மூட மூடச் சுருங்கும். அச்சில் இருபத்துமூன்றரை மில்லிமீட்டர் இருந்தது இருபதாகிவிடும்! ஒருமுறை அம்மாவிடம் இரண்டையும் காட்டினேன். “வடகம் காயுற மாதிரியா?” என்றாள். கிட்டத்தட்ட அதேதான். ஆனால் வடகம் கோணலாகச் சுருங்கினால் எண்ணெய்க்குத் தெரியாது, சுத்தி சுருங்கினால் துப்பாக்கிக்குத் தெரியும். எல்லாப் பக்கமும் ஒரே அளவில் சுருங்க வேண்டும். அடியில் வைக்கிற பீங்கான் தட்டு கொஞ்சம் வளைந்திருந்தால் சுத்தியும் வளையும்.

இந்தச் சுத்தியைப் பிடிக்காதவர்களும் உண்டு. அமெரிக்காவில் ஸ்மித் அண்ட் வெசன் துப்பாக்கி நிறுவனம் 1990-களில் ரிவால்வர் சுத்தியையும் விசையையும் இந்த முறைக்கு மாற்றியது. விசையின் பின்பக்கம் குழிவாக இருப்பதைப் பார்த்தே பழைய துப்பாக்கிப் பிரியர்கள் கண்டுபிடித்து முகம் சுளிப்பார்கள். அவர்கள் சுளிப்பில் பாதியை நான் ஏற்பதில்லை. பதமாக வெந்த சுத்தி நன்றாகவே உழைக்கும். மீதிப் பாதியில் நியாயம் உண்டு: 1911 வகைப் பிஸ்டலில் வெற்றுத் தோட்டாக்கூட்டை இழுத்தெடுக்கும் கொக்கி, தானே வில்லாகவும் வளைந்து நிமிர வேண்டியது. அதற்கு நான் பழைய வில் எஃகைத்தான் கேட்பேன்.

துப்பாக்கி நமக்கெதற்கு என்கிறீர்களா? உங்கள் வீட்டுப் பிள்ளை பல்லுக்குக் கம்பி போட்டிருந்தால், பல்லில் ஒட்டியிருக்கும் அந்தக் குட்டி உலோகப் பிடியை இன்று ராத்திரி டார்ச் அடித்துப் பாருங்கள். அதுவும் பெரும்பாலும் இப்படிச் சுருங்கி வந்ததாகத்தான் இருக்கும்.