அறிந்தது எப்படி?



நெல்லிக்குப்பத்தில் ரயிலேறிப் பண்ருட்டிப் பக்கம் போனால் வழியில் திருத்துறையூர் வரும். 13-ஆம் நூற்றாண்டில் அந்த ஊரில் வாழ்ந்தவர் அருள்நந்தி சிவாசாரியார், ‘சிவஞான சித்தியார்’ இயற்றியவர். அது இறைவனைப் பற்றிய நூல். ஆனால் தம் கொள்கையை நாட்டும் சுபக்கத்தில், இறைவன் உண்டு என்று நிறுவப் புகுமுன் அவர் அளவையைத்தான் எடுத்துக்கொள்கிறார். ஒன்றை நாம் எப்படி அறிகிறோம், அறிந்தது சரியென்று எதைக் கொண்டு சொல்கிறோம் என்பதைத் தீர்த்துக்கொண்டுதான் மேலே போகிறார். சமய நூல் ஒன்று இந்த வரிசையில் நடப்பதை நான் பெரிதும் மதிக்கிறேன்.

கண்ணால் காண்பது ஒன்றே போதும் என்றார்கள் சார்வாகர். நியாய நூலார் நான்கு அளவைகள் கொண்டார்கள். மணிமேகலையில் வஞ்சி நகரத்து அளவைவாதி பத்து சொல்கிறான். அருள்நந்தியார் பத்தையும் எடுத்துப் பார்த்து, காட்சி, கருதல், உரை என்ற மூன்றில் மற்றவை அடங்கிவிடும் என்றார்.

கருதல் என்பது அனுமானம். புகையைக் கண்டு நெருப்பை அறிவது எல்லாத் தருக்க நூலிலும் வரும் எடுத்துக்காட்டு. நெய்வேலி வழியாகப் பேருந்தில் போகும்போது, அனல்மின் நிலையத்தின் அகன்ற கோபுரங்களின் தலையில் வெள்ளையாகப் பொங்குவதைக் காட்டி, “எவ்வளவு புகை பாருங்கள்” என்பார்கள். அது நீராவி. அந்தக் கோபுரத்துக்குள் நெருப்பே கிடையாது, வெந்நீர்தான் ஆறுகிறது. ஆவியையும் மூடுபனியையும் புகையென்று மயங்கி நெருப்பை முடிவுகட்டுவதைப் பழைய தருக்க நூல்கள் போலி ஏது, அதாவது பொய்க் காரணம், என்று பெயரிட்டே ஒதுக்கின. கருதியவர் மூளையில் கோளாறு இல்லை. கையில் எடுத்த ஏதுதான் பொய்.

ஏது சரியாக இருந்தால் கருதல் எவ்வளவு தூரம் கொண்டுபோகும் என்பதற்கும் நெய்வேலியே சான்று. 1930-களில் அங்கே ஜம்புலிங்க முதலியார் என்பவரின் நிலத்தில் கிணறு தோண்டியபோது கரிய பொருள் வெளிப்பட்டது. கண்டது கொஞ்சம்; பூமிக்கடியில் பரந்து கிடந்த படுகையை யாரும் கண்டதில்லை. இடம் இடமாகத் துளையிட்டு, கிடைத்ததைக் கொண்டு கிடைக்காததைக் கருதி, 1956-இல் சுரங்க நிறுவனம் தொடங்கினார்கள். மேல்மண்ணை அகற்றிப் பழுப்பு நிலக்கரியை நேரில் கண்டது 1961-இல். கருதல் முன்னே நடந்தது, காட்சி பின்னே வந்தது.

மூன்றாவது, உரை; அதாவது நம்பத்தக்கவர் சொல். இதைக் குருட்டு நம்பிக்கை என்று தள்ளிவிடாதீர்கள். பட்டம் பெறும் நீங்கள் படித்துத் தேறியதில் பெரும்பகுதி உரையால் வந்ததுதான். அருள்நந்தியாருக்கு உரை என்றால் ஆகமம். யார் சொல்லை நம்பலாம்? நியாய சூத்திரத்துக்கு விளக்கம் எழுதிய வாத்ஸ்யாயனர், பொருளை நேரே அறிந்தவர், அறிந்தபடியே சொல்ல விரும்புகிறவர், அவரே நம்பத்தக்கவர் என்கிறார். ரிஷிக்கும் ஆரியருக்கும் மிலேச்சருக்கும் இந்த இலக்கணம் பொது என்றும் சேர்த்துச் சொல்கிறார். பிறப்பு அளவுகோல் ஆகவில்லை. கைபேசியில் ஒரு செய்தி வந்தால் இந்த இரண்டையும் கேளுங்கள்: சொன்னவர் நேரே அறிந்தாரா? உள்ளதை உள்ளபடி சொல்வதில் அவருக்கு நாட்டம் உண்டா?

விவாதத்திலும் நியாய நூலார் தரம் பிரித்தார்கள். உண்மை காணப் பேசுவது வாதம். வெல்வதற்கென்றே பேசுவது சல்பம். தனக்கென ஒரு கொள்கையும் வைக்காமல் எதிராளியை உடைப்பது மட்டுமே விதண்டை. இன்று நம் காதில் விழுவது பெரும்பாலும் பின்னிரண்டும்தான் என்பது எனக்கு உண்மையான கவலை. அருள்நந்தியார் பிறர் கொள்கைகளை ஆராயும் பரபக்கத்தில் உலகாயதர் எனப்படும் சார்வாகரில் தொடங்கி ஒவ்வொரு மறுதரப்பின் கொள்கையையும் முதலில் எடுத்துவைத்துவிட்டுத்தான் பதில் சொல்கிறார்.

அவரே அப்படிக் கேட்கக் கற்றுக்கொண்டவர் என்கிறது சைவ மரபு. எல்லா ஆகமமும் கற்றவர் என்பதால் அவரைச் சகலாகம பண்டிதர் என்று அழைத்தார்கள். ‘சிவஞானபோதம்’ இயற்றிய மெய்கண்டாரின் குடும்பத்துக்குக் குலகுரு. வயதில் மிக இளையவரான மெய்கண்டார் திருவெண்ணெய்நல்லூரில் பாடம் சொல்கிறார் என்று கேட்டு, தம்மை வந்து வணங்காத பிள்ளையைப் பார்க்கக் கோபத்தோடு போனார். ஆணவத்தின் இயல்பு எது என்று கேட்டார். மெய்கண்டார் பதில் பேசாமல், நின்ற அவரையே பார்த்தார். பண்டிதர் அங்கேயே மாணவரானார். அந்த இளையவரின் ‘சிவஞானபோதம்’ 12 சூத்திரங்கள். மேற்கோள், ஏது, எடுத்துக்காட்டு என்ற ஒழுங்கில் அவை விளக்கப்படுகின்றன. அதற்கு வழிநூலாக அருள்நந்தியார் எழுதியதுதான் சித்தியார்.