தண்ணீரின் முறையும் கடனின் முறையும்

(சங்கத்தின் மாதக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



பழனி மலையினின்றிறங்கும் பாலாறு, பொருந்தலாறு, வரதமாநதி முதலியன சண்முகநதியாய்க் கூடி அமராவதியை அடைகின்றன. தென்சரிவில் மஞ்சளாறும் வராகநதியும் வையையை நோக்கிச் செல்கின்றன. இவற்றால் பாயும் நஞ்சைகளில் நம்மவர் பலர்க்குப் பாத்தியம் உண்டு; அந்நஞ்சைகளின்மேல் கடனும் உண்டு. ஒரே நிலத்தின்மேல் பலருக்குப் பற்று இருக்குமாயின் எவருடையது முந்தும் என்பதை, நிலம் ஏலத்திற்கு வந்த பின்னரே பெரும்பாலோர் விசாரிக்கின்றனர். ஆதலின் அதனையே இன்று பேச எடுத்துக்கொண்டோம்.

தண்ணீரைத் தனியே ஈடு வைத்தல் இயலாது. அமெரிக்காவின் மேற்கு மாகாணங்களில் நீருரிமையை நிலத்தினின்று பிரித்து விற்பதும் ஈடு வைப்பதும் உண்டு. முந்தி எடுத்தவனுக்கே அங்கு முதல் நீர். இங்கோ, ஒரு நிலத்தைச் சார்ந்த வாய்க்கால் உரிமையை அந்நிலத்தினின்று பிரித்துப் பராதீனம் செய்வதை 1882-ஆம் வருஷத்துச் சொத்து மாற்றுச் சட்டம் தடுக்கிறது. நிலம் போனால் முறையும் உடன் போகும். சர்க்கார் அணையின் நீரோவெனில், ஆயக்கட்டில் நிலம் இருப்பதனால் கிடைக்கும் அனுபோகமே. அதிலும் பழைய ஆயக்கட்டு முந்தும், புதியது பிந்தும் என்பது வழக்கம். பத்திரத்தில் ‘நஞ்சை’ என்ற சொல்லைக் கண்டு திருப்தியடையாமல், எந்த அணை, எந்த மதகு, தலைமடையா கடைமடையா என்று கேட்டறிதல் வேண்டும். மழை பொய்த்த வருஷத்தில் கடைமடை நஞ்சை பெயரளவில்தான் நஞ்சை.

இனிக் கடன். தனிப்பட்டவரிடையே முந்திய அடமானம் முந்தும். ஆனால் 1908-ஆம் வருஷத்துப் பதிவுச் சட்டப்படி, பதிவான நாளன்று, எழுதிக்கொடுத்த நாளே கணக்கு. பதிவுக்குக் கொண்டுவர நான்கு மாதத் தவணையும் உண்டு. ஆகவே, இன்றைய வில்லங்கச் சான்றை நம்பிப் பணம் கொடுத்தவர், சென்ற மாதம் எழுதி அடுத்த மாதம் பதிவாகும் பத்திரத்திற்குப் பின்னே நிற்க நேரிடும்.

இவர்கள் எல்லோர்க்கும் முன்னே நிற்பது நிலவரி. 1864-ஆம் வருஷத்துச் சென்னை வருவாய் வசூல் சட்டத்தில், வரி பாக்கிக்காக ஏலம் போகும் நிலம் சகல வில்லங்கங்களும் நீங்கியே விற்கப்படும் என்றிருக்கிறது. ஐந்து இலட்சம் கொடுத்த முதல் அடமானக்காரரின் ஈடு, சில நூறு ரூபாய்ப் பாக்கியினால் அழிந்துபோகலாம். ஏலத்தில் மிஞ்சிய தொகை, கோர்ட்டார் தடுத்தாலன்றி, பாக்கிதாரரிடமே சேரும். அம்மிச்சத்தில் உரிமை கோர 1882-ஆம் வருஷத்துச் சட்டம் இடந்தருகிறது. பணம் செலவழிந்த பின் கோரி யாது பயன்? 1865-ஆம் வருஷத்துச் சட்டம் விதித்த நீர்த்தீர்வைக்கும் வசூல் முறை இதுவே. கிணறு வெட்டச் சர்க்காரில் வாங்கும் தக்காவிக் கடனுக்கு 1883-ஆம் வருஷத்துச் சட்டம் இதனினும் விசித்திரமானது: கடனாளியின் பங்கின்மேல் முன்னமே அடமானம் இருப்பினும், பிந்தி வந்த தக்காவி அதனை முந்திவிடும்.

பாக்கியைத் தாமே கட்டி ஏலத்தைத் தடுக்க அடமானக்காரருக்கு உரிமை உண்டு. அத்தொகை நிலத்தின்மேல் ஒரு பற்றாகும். ஆயினும், கட்டிய தேதியிலிருந்தே அதற்கு வரிசை என்கிறது அந்த 1864-ஆம் வருஷத்துச் சட்டம். நால்வர் ஈட்டையும் காத்த பணம் அந்நால்வர்க்கும் பின்னே நிற்கிறது! மூழ்கும் கப்பலைக் கடைசியில் மீட்டவனுக்கே முதலில் கூலி கொடுப்பது கடல் வழக்கு. நிலத்தில் ஏன் அவ்வாறில்லையென்பது நமக்கு விளங்கவில்லை. தம் அசலோடு அதனைச் சேர்த்துக்கொள்ள அடமானக்காரருக்கு இடமுண்டு என்பது ஓரளவு ஆறுதல். ஆகையால் கடன் கொடுப்போர், வில்லங்கச் சான்றோடு நில்லாமல், வருஷந்தோறும் கிஸ்தி ரசீதையும் கேட்டு வாங்குக.

கடன் வாங்காதவரும் அஞ்ச வேண்டிய இடம் ஒன்று உண்டு; அது கூட்டுப் பட்டா. தம்பி கட்டாத பாக்கிக்கு அண்ணன் பாகமும் ஏலத்திற்கு வரக்கூடும். பாகம் பிரிந்தும் பட்டாவைப் பிரிக்காத குடும்பங்கள் நம்முள் அநேகம். ஜமாபந்தி நடக்கும்போது தாலுகா ஆபீஸில் மனுக் கொடுக்கலாம். மனு எழுதத் தெரியாதவர்க்கு இக்கூட்டம் முடிந்தவுடன் எழுதிக்கொடுக்க நாம் இங்கேயே இருப்போம்.