சுவை தருவது பொறுமையே!

நடுவர் அவர்களே! “சமையலுக்குச் சுவை தருவது பொருளே”ன்னு எதிரணித் தம்பி அடிச்சுப் பேசிட்டுப் போனார். அவரை நான் ஆஸ்திரேலியாவுக்குக் கூப்பிடுறேன். விமானச் செலவு நடுவருடையது! (சிரிப்பு)

அங்கே கங்காரு வால் குழம்பு என்று ஒன்று. வாலில் என்னய்யா இருக்கு? எலும்பும் சவ்வும்தான். பத்து நிமிஷம் வதக்கினால் செருப்புத் தோல். மூணு மணி நேரம் சிறுதீயில் வைத்தால் சவ்வு கரைந்து, குழம்பு தானே கெட்டிப்படுது. பொருள் அதேதான் ஐயா! மாறியது நேரம்.

அதில் தாஸ்மேனியக் காட்டு மிளகு போடுவார்கள். முதலில் இனிக்கும், கொஞ்சம் கழித்துத்தான் உறைக்கும். அவசரக்காரர் ருசி பார்த்துவிட்டு இன்னொரு கை போடுவார். அப்புறம் குடம் குடமாய்த் தண்ணீர்தான்!

குடியேறிய வெள்ளைக்காரரும் தொடக்கத்தில் கங்காரு வால் சூப் குடித்தவர்கள்தான். ஆட்டுப்பண்ணை பெருகியதும் மறந்தார்கள். மனிதர் உண்ண விற்கலாம் என்று தென் ஆஸ்திரேலியா 1980-இல் அனுமதித்தது. மற்ற மாநிலங்களில் 1993 வரை காத்திருந்தார்கள். அதுவரை பொருள் கண் முன்னால் துள்ளிக்கிட்டுத்தானே இருந்தது?

ஆனால், பாலைவனப் பழங்குடிப் பெரியவர்கள் மறக்கவில்லை. வாலின் மயிரைப் பொசுக்கி, சுரண்டி, சுடுசாம்பலில் புதைத்துக் காத்திருந்தார்கள். பக்கத்தில் காத்திருந்த பேரப்பிள்ளைக்குக் கறியும் கிடைத்தது, கலையும் கிடைத்தது. பொருளைக் கடையில் வாங்கலாம். பக்குவத்தைப் பக்கத்தில் உட்கார்ந்துதான் வாங்கணும்!

ஆகவே சுவை தருவது பொறுமையே என்று தீர்ப்பு வழங்குங்கள்.